தடையுத்தரவு எடுத்துத் தருவதாகச் சொல்லி 185,000 ரூபாவை விழுங்கிவிட்டார்கள்

நேற்று மாலை நீதிமன்றப் பதிவகத்தில் எழுதுவினைஞர் பதிவேட்டை இரண்டு முறை புரட்டிவிட்டு, என் பெயரில் எந்த வழக்கும் தாக்கல் செய்யப்படவில்லை என்றார். அயலவரின் கட்டட வேலையை நிறுத்தும் நீதிமன்றத் தடையுத்தரவுக்காக 185,000 ரூபாவைக் கொடுத்துவிட்டு, இல்லாத ஒரு வழக்கின் தவணைக்காக எட்டு வாரங்களாக நான் காத்திருந்திருக்கிறேன்.

பண்டாரவளைக்கு அருகே சரிவான காணியில் எங்கள் வீடு இருக்கிறது. கீழ்க் காணிக்காரர் மாடி வீடு கட்டுகிறார். பிரதேச சபையின் அனுமதியும் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு அறிக்கையும் அவரிடம் உண்டு, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் வரைபடத்தில் காட்டிய தாங்குசுவரைக் கட்டாமல், மண்மேட்டை எங்கள் எல்லைக்கல் வரை வெட்டிவிட்டார். எங்கள் சமையலறைச் சுவரில் விரல் நுழையும் அளவுக்கு வெடிப்பு விழுந்தது. 2014 ஒக்டோபரில் பதுளை மாவட்டத்து மீரியபெத்தை தோட்டத்தில் தொழிலாளர் லயங்கள் மண்ணுக்குள் போனதையும், 2025 நவம்பர் மழையில் மலைகள் சரிந்ததையும் பார்த்த எவருக்கும் அந்த வெடிப்பைப் பார்த்தபின் தூக்கம் வராது.

அந்தப் பதற்றத்தில்தான், வரைபடம், கட்டட அனுமதி, காணி வழக்கு எல்லாம் செய்து தருவதாகப் பலகை வைத்திருக்கும் நகரத்து நிலையம் ஒன்றின் படியேறினேன். அங்கிருந்தவர் எனக்குத் தேநீர் வரவழைத்தார்; என் தகப்பனார் எந்தத் தோட்டத்தில் கணக்கப்பிள்ளையாக இருந்தார் என்று விசாரித்து, தன் மாமாவும் அங்கேதான் வேலை செய்தார் என்றார். "அண்ணே, நீங்க ஒன்னும் யோசிக்காதீங்க, பத்து நாளுல தடையுத்தரவு கையில வரும்" என்று சொல்லி, நீதிமன்றத்துக்குச் சத்தியம் செய்து கொடுக்கும் சத்தியக் கடதாசி ஒன்றை வெற்றாகவே நீட்டினார். சமாதான நீதவான் முன்னிலையில் இடவேண்டிய கையொப்பத்தை அவருடைய மேசையிலேயே இட்டேன். அவருடைய மாமாவை நம்பித்தான் இட்டேன் என்று இப்போது எழுதும்போது எனக்கே வெட்கமாக இருக்கிறது. அன்று 100,000, அடுத்த வாரம் நில அளவையாளருக்கென்று 85,000. நில அளவையாளர் யாரும் எங்கள் காணிக்கு வரவேயில்லை.

அதன் பிறகு, சட்டத்தரணி கொழும்பு போயிருக்கிறார் என்றார்கள், நீதிமன்ற விடுமுறை என்றார்கள், கோப்பு மேலதிகாரியிடம் இருக்கிறது என்றார்கள். எந்த மேலதிகாரி என்று கேட்டால், "சேர், உங்களுக்கு அவசரமெண்டா வேற இடம் பாருங்க" என்று ஒரு பெண் பிள்ளை தொலைபேசியை வைத்துவிட்டார். இதற்கிடையில் கீழே கூரைத்தகடும் போட்டாயிற்று.

இன்று காலை வேறொரு சட்டத்தரணியிடம் போனேன். அனுமதிப் பத்திரம் கட்டுவதற்குத்தான், அயல் நிலம் சரியாமல் பக்கத்திலிருந்து தாங்கும் மண்ணைப் பறிப்பதற்கு அது உரிமை தராது என்றார். தூண் எழும்பும் முன்பே வந்திருந்தால் தடையுத்தரவு கேட்பது இலகுவாக இருந்திருக்கும் என்றும் சொன்னார். 185,000 ரூபாவோடு அந்த எட்டு வாரங்களும் போய்விட்டன.

உங்களுக்கு இப்படி நேர்ந்தால், முதலில் வெடிப்புகளைத் திகதியுடன் படமெடுத்து, அனுமதித்த வரைபடத்துக்கு மாறாக வேலை நடப்பதாகப் பிரதேச சபைக்குப் பதிவுத் தபாலில் எழுதுங்கள். வரைபடத்தின் பிரதியை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். அயலவரோடு பேசித் தீர்க்க மத்தியஸ்த சபைக்குப் போக இடைத்தரகர் தேவையில்லை. வெற்றுத் தாளில் கையொப்பமிடாதீர்கள். வழக்கு இலக்கம் தராதவருக்கு இரண்டாவது தவணைப் பணத்தைக் கொடுக்காதீர்கள். இலக்கம் தந்தாலும் நீதிமன்றப் பதிவகத்தில் நீங்களே போய்ப் பாருங்கள். என்னிடமிருப்பது 100,000 ரூபாவுக்கான ஒரு துண்டுச் சீட்டு மட்டுமே, 85,000க்கு அதுவும் இல்லை. அந்தச் சீட்டோடுதான் நாளை பொலிஸ் நிலையத்துக்குப் போகிறேன்.