மாமாவின் 3310, அம்மாவின் 1100

"கல்லு மாதிரி ஃபோன்" என்றால் எல்லோரும் நோக்கியா 3310 பக்கம்தான் கை காட்டுவார்கள். வெள்ளவத்தையில் எங்கள் வீட்டு லாச்சியில் மாமாவின் 3310-உம் அம்மாவின் நோக்கியா 1100-உம் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கின்றன. என் ஓட்டு 1100-க்கு.

3310 வந்தது 2000-இல். 133 கிராம். மூடிகள் இரண்டும் திருகாணி இல்லாமலே கழரும். கீறல் விழுந்தால் புறக்கோட்டையில் புது மூடி வாங்கி மாட்டினால் சரி. ஒரே ஃபோனை மாமா சிவப்பாகவும் நீலமாகவும் வைத்திருந்தது அப்படித்தான். கீழே விழுந்தால் மூடி ஒரு பக்கம், பட்டரி ஒரு பக்கம் தெறிக்கும். பார்ப்பவருக்குத்தான் பதறும், அடியின் வேகத்தில் ஒரு பங்கு அந்தத் தெறிப்பிலேயே போய்விடும்.

ஆனால் கொழும்பில் ஃபோனைக் கொல்வது தரை மட்டுமா? வியர்வை, தூசி, கடற்காற்று. 2003-இல் வந்த 1100 இதற்கென்றே செய்தது போல இருக்கும். விசைகளுக்கு மேல் இடைவெளியே இல்லாத ஒரே ரப்பர் தாள், வழுக்காத ஓரங்கள், 86 கிராம்தான் எடை. தேங்காய் துருவிய கையோடு அம்மா எடுத்துப் பேசுவார், பிறகு துணியால் ஒரு துடைப்பு. உலகம் முழுக்க 250 மில்லியனுக்கு மேல் விற்றது சும்மா இல்லை.

எஸ்எம்எஸ் அடிக்க மட்டும் 3310. விசைகள் தனித்தனியாக நிற்பதால் பார்க்காமலே விரல் ஓடும். ரப்பர் தாளில் அந்தச் சுகம் இல்லை.

அழகு என்று வந்தால் இரண்டுமே மோட்டோரோலா ரேஸர் வி3-க்குக் கிட்ட வராது. 2004, அலுமினிய உடல், மூடினால் 13.9 மில்லிமீட்டர். ஆனால் மடிக்கும் ஃபோன்களில் திரைக்குப் போகும் மெல்லிய நாடா கீலுக்குள்ளால் போகிறது. திறக்கும் ஒவ்வொரு தடவையும் அது வளைய வேண்டும். உழைப்பில் போட்டிக்கே வராது.

இருபது வருடத்தில் எந்தப் பட்டரியும் சாகும். மாற்றுக்கு எங்கே போவது என்பதுதான் கேள்வி. 1100-இன் பிஎல்-5சி பட்டரியைச் சின்ன ரேடியோக்களுக்கும் போடுவதால் அதை இன்றைக்கும் கடையில் கேட்டு வாங்கலாம். 3310-இன் பட்டரிக்கு அந்த வாழ்வு இல்லை.

2022 மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் மின்வெட்டு வந்தபோது, அம்மா லாச்சியைத் திறந்து 1100-ஐ எடுத்தார். அதன் உச்சியில் இருக்கும் டோர்ச்சில்தான் அன்று இரவு சாப்பிட்டோம்.

மாமா இன்னும் ஒத்துக்கொள்ளவில்லை. "அதுல டோர்ச் இருக்கு, அவ்வளவுதான்டா" என்கிறார்.