பன்றிக்குட்டி கட்டிய செங்கல் வீடு

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் முப்பத்தைந்து ஆண்டு கொத்து வேலை பார்த்தவன் நான். கார்ட்டூன் பார்க்கிற வயதில்லை. பள்ளி விடுமுறைக்கு வந்த பேத்தி தொலைக்காட்சியில் போட்டுவிட்டாள், நானும் உட்கார்ந்தேன். வால்ட் டிஸ்னி நிறுவனம் 1933இல் வெளியிட்ட ‘மூன்று பன்றிக்குட்டிகள்’. எட்டு நிமிடந்தான். அந்தக் காலத்திலேயே வண்ணப்படம். ஆஸ்கர் விருதும் வாங்கியிருக்கிறது.

கதை எல்லாருக்கும் தெரிந்ததே. வைக்கோல் வீடு, குச்சி வீடு, செங்கல் வீடு, ஊதித் தள்ள வரும் ஓநாய். மூன்று குட்டிகளுக்கும் ஒரே அச்சில் வார்த்த முகம். ஆனால் அசைவை வைத்தே யார் யாரென்று சொல்லிவிடலாம். வைக்கோல் வீட்டுக் குழல்காரனும் குச்சி வீட்டுப் பிடில்காரனும் ஏனோதானோவென்று வீட்டை முடித்துவிட்டு ஆடப் போகிறார்கள். செங்கல்காரன் மட்டும் குனிந்த தலை நிமிராமல் சாந்து பூசுகிறான். வரைந்தவர்கள் ஒரு கொத்தனாரைக் கிட்டே நின்று பார்த்திருக்க வேண்டும். பியானோவையும் செங்கல்லிலேயே கட்டிவைத்திருக்கிறான், அங்கேதான் எனக்குச் சிரிப்பு வந்தது.

பேத்தி கவனித்தது சுவரில் மாட்டிய படங்களை. ஒன்றில் தாய்ப்பன்றி குட்டிகளுக்குப் பால் கொடுக்கிறது. ‘அப்பா’ என்று எழுதிய சட்டத்துக்குள் பன்றிக்கறி சாசேஜ் சரம் மட்டும்! முதலில் சிரித்தாள். பிறகு, “தாத்தா, அப்படியென்றால்...” என்று நிறுத்திக்கொண்டாள்.

ஓநாய் பிரஷ் விற்பவன் வேடத்தில் கதவைத் தட்டுகிறது. முதலில் வெளியானபோது அது யூத வியாபாரியைக் கேலி செய்யும் வேடம். பிற்பாடு மாற்றி வரைந்தார்கள். மாற்றியது சரி. சம்பள நாளில் எங்கள் லயத்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகள்) வாசலுக்குத் துணி மூட்டையோடு வந்தவர்களை என் அம்மா ஒருநாளும் ஓநாய் என்று சொன்னதில்லை.

பழைய கதையில் முதல் இரண்டு குட்டிகளையும் ஓநாய் தின்றுவிடும். இங்கே தப்பி ஓடிக் கட்டிலுக்கு அடியில் ஒளிகிறார்கள். அது இருக்கட்டும். வைக்கோல் வீட்டுக்காரன் என்றாலே சோம்பேறி என்று படம் முடிவு கட்டுவதுதான் எனக்கு ஒட்டவில்லை. நான் பிறந்த லயம் பலகைச் சுவர், தகரக் கூரை. விடியுமுன் பால்மரம், அதாவது ரப்பர் மரம், சீவப் போன என் அப்பா சோம்பேறியா? மூன்றாமவனுக்குச் செங்கல் வாங்கக் காசு எங்கிருந்து வந்தது என்று படம் மூச்சு விடவில்லை.

கடைசியில் புகைபோக்கி வழியாக இறங்கும் ஓநாய், டர்பன்டைன் ஊற்றிய கொதிநீரில் விழுகிறது. பேத்திக்குப் புகைபோக்கி புரியவில்லை. எங்கள் வீடுகளில் ஏது? ரப்பர் ஷீட்டுக்குப் புகைபோடும் கட்டடத்தைச் சொன்னேன். அதையும் அவள் பார்த்ததில்லை. சாயங்காலம் மோட்டார் சைக்கிளில் பழைய தோட்டத்துப் பக்கம் அழைத்துப் போனேன். அந்த இடத்தில் இப்போது எண்ணெய் எடுக்கிற செம்பனை நிற்கிறது.