விஜய் டிவியின் மகாபாரதம்: காதுக்கு விருந்து, கண்ணுக்குப் பாதி

2013ஆம் ஆண்டில் தமிழ்த் தொலைக்காட்சியில் இரண்டு மகாபாரதங்கள் தொடங்கின. சுரேஷ் கிருஷ்ணா இயக்கத்தில் நேரடியாகத் தமிழிலேயே எடுக்கப்பட்ட தொடரைப் பிப்ரவரியில் சன் டிவி ஞாயிறு காலைகளில் ஒளிபரப்பத் தொடங்கியது. ஸ்டார் பிளஸின் இந்தித் தொடருக்குத் தமிழ்க் குரல் கொடுத்து அக்டோபரில் விஜய் டிவி கொண்டுவந்தது. எனக்குத் தெரிந்தவர்கள் இன்றும் பேசுவது மொழிமாற்றி வந்த இரண்டாவது தொடரைப் பற்றித்தான். இந்தியில் 267 பகுதிகளாக வந்த அதை அண்மையில் முதலிலிருந்து மறுபடி பார்த்தபோது, அதைத் தாங்கி நிற்பது வசனமே என்பது தெளிவாயிற்று.

இந்தியிலும் தமிழிலும் வினைச்சொல் வாக்கியத்தின் இறுதியில் வருவதால், நடிகர் வாய் மூடும் இடத்தில் நம் வாக்கியமும் முடிந்துவிடுகிறது. ஆங்கிலப் படங்களின் மொழிமாற்றத்தில் கிடைக்காத வசதி இது. வீட்டுத் தொடர்களின் பேச்சுவழக்கை அரண்மனைக்குள் விடாமல், 'தாங்கள்' என்று விளிக்கும் எழுத்துத்தமிழைக் கடைசிவரை கைவிடாதது துணிச்சலான முடிவு. பிரணீத் பட் ஒரு கண்ணை இடுக்கி, காலைச் சாய்த்து நடந்துவரும் சகுனி, துரியோதனனை 'மருமகனே' என்று இழுத்து அழைக்கும்போது மூலத்தில் இல்லாத ஒரு கனம் சேர்கிறது. இந்தியில் அது சகோதரி மகன் என்பதோடு நின்றுவிடும். தாய்மாமன் மடியில் உட்காரவைத்துக் காது குத்தும் ஊரில், அந்த உறவின் பெயராலேயே ஒருவன் ஒரு குலத்தைக் கருவறுக்கிறான் என்பது வேறு விதமாகச் சுடுகிறது.

சூதாட்ட மண்டபம்தான் தொடரின் உச்சம். தன்னையே தோற்றவனுக்கு என்னைப் பணயம் வைக்க உரிமை உண்டா என்று திரௌபதியாக வரும் பூஜா சர்மா சபையைக் கேட்கும் இடத்தில் தமிழ் வசனம் தடுமாறவே இல்லை. கெடுப்பது கேமராதான். ஒருவர் ஒரு வார்த்தை சொன்னால் பீஷ்மர், துரோணர், விதுரர், கர்ணன் என்று முகம் முகமாகச் சுற்றி, ஒவ்வொன்றுக்கும் ஒரு இடி முழக்கத்தையும் சேர்த்துவிடுகிறார்கள். மாமியார் மருமகள் தொடர்களின் பழக்கம் அஸ்தினாபுரத்தையும் விடவில்லை. சௌரப் ராஜ் ஜெயினின் கிருஷ்ணர் அவ்வப்போது நம்மை நோக்கிச் சொல்லும் அறிவுரைகள் தொடக்கத்தில் இதமாக இருந்தாலும், தொடர்ந்து பார்ப்பவருக்கு விரைவில் அலுத்துவிடும். நான் பிற்பாதியில் அவற்றைத் தள்ளிவிட்டேன்.

பாரதக் கூத்துப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இன்னொரு குறையும் தெரியும். வட தமிழகத்தின் திரௌபதி அம்மன் கோயில்களில் பதினெட்டாம் போரன்று, மல்லாந்து கிடக்கும் பெரிய துரியோதனன் மண்ணுருவத்தின் தொடையைப் பீமன் வேடக்காரர் அடித்துப் பிளந்த பிறகே பாஞ்சாலி கூந்தல் முடிவாள். ஊரே வெயிலில் படுகளத்தைச் சுற்றி நிற்கும். தொடரிலோ துச்சாதனன் குருதியோடு கூந்தல் விஷயம் முடிந்துவிடுகிறது. இந்திக்காரர்கள் தங்கள் மரபுப்படி எடுத்ததைக் குறை சொல்ல முடியாது. ஆனால் துரியோதனன் தொடை பிளக்கும் காட்சி அதன்பின் வரும்போது, நம் ஊர்க் கண்ணுக்கு அது ஏதோ மிச்சக் கணக்கைத் தீர்ப்பதுபோல் தெரிகிறது.

பானு அத்தையாவின் ஆடை வடிவமைப்பு கண்ணைப் பறிக்கிறது, சில இடங்களில் அளவுக்கு மீறியே. குருட்சேத்திரத்தின் கணினி வரைகலைக்கு வயதாகிவிட்டது. அம்புகள் வானத்தை மூடும் காட்சிகளில் குழந்தைகளே சிரிக்கிறார்கள். முழுவதும் பார்க்கப் பொழுதில்லாதவர்கள் இராஜசூய யாகத்தில் தொடங்கி வனவாசம் புறப்படும்வரை பார்த்தால் போதும். அந்தப் பகுதிகளை நான் இரண்டாவது முறை சமையலறையில் வேலை செய்துகொண்டே கேட்டேன். திரையைத் திரும்பிப் பார்க்கத் தோன்றியது சகுனி பகடையை உருட்டிய சத்தத்துக்கு மட்டும்தான்.