நீட் வினாத்தாள் 'லீக்' என்று யாராவது வந்தால் நம்பாதீர்கள்: 12,500 ரூபாய் போச்சு

ஞாயிற்றுக்கிழமை தேர்வு. இதே வலையில் இன்னும் எத்தனை வீடு விழப்போகிறதோ என்றுதான் அவசரமாக எழுதுகிறேன். என்ன செய்யலாம் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

ஒரு மெசேஜிங் செயலியில் சேனல் நடத்துகிற கும்பல் எங்களிடம் 12,500 ரூபாயைச் சுருட்டிவிட்டது. தம்பி நீட் எழுதுவது இது இரண்டாவது முறை. 2024ல் பாட்னாவிலும் ஹசாரிபாகிலும் தாள் கசிந்தது உண்மை என்று உச்ச நீதிமன்றமே சொன்னதிலிருந்து, காசு இருப்பவனுக்குத்தான் சீட் என்று வீட்டில் ஒரே புலம்பல். அந்தப் புலம்பல்தான் இவர்களுக்கு முதலீடு.

நம்ப வைத்தது ஒரே ஒரு பதிவு. போன வருட வினாத்தாள், பிடிஎஃப். பதிவின் தேதியோ தேர்வுக்கு முந்தின நாள் இரவு. தன்னிடம் இருந்த தாளை எடுத்துவைத்துத் தம்பி கேள்விக்குக் கேள்வி ஒப்பிட்டான். அத்தனையும் சரி. இதற்கு மேல் என்ன ஆதாரம் வேண்டும்? சூட்சுமம் இதுதான்: முந்தின நாளே ஏதோ ஒரு குப்பை ஃபைலைப் போட்டுவைப்பார்கள். தேர்வு முடிந்ததும் அதே பதிவைத் திருத்தி உண்மையான தாளைச் செருகுவார்கள். நேரம் பழையதாகவே நிற்கும். 2024 ஜூனில் யூஜிசி நெட் என்கிற கல்லூரி ஆசிரியர் தகுதித் தேர்வை மறுநாளே ரத்து செய்தார்களே, தாள் முன்பே கசிந்ததாகக் காட்டி அதற்குக் காரணமான ஸ்கிரீன்ஷாட்டே போலி என்றுதான் சிபிஐ பின்னால் சொன்னது.

சேர 500. தாளுக்கு 7,000. வந்த ஃபைல் பாஸ்வேர்டு கேட்டது, அதற்கு 5,000. மொத்தம் 12,500 ரூபாய், என் சம்பளக் கணக்கிலிருந்து.

அப்புறம் ஆரம்பித்தது நாடகம். "அட்மின் மீட்டிங்ல இருக்கார் சிஸ்டர்." "சர்வர் டவுன்." "சனிக்கிழமை நைட்டு எல்லாருக்கும் ஒண்ணா வரும்." பணத்தைத் திருப்பிக் கேட்டதும் சேனல்காரன் 'ரீஃபண்ட் ஃபார்ம்' என்று ஒரு ஏபிகே ஃபைல், அதாவது போனில் செயலியை நேரடியாக நிறுவுகிற ஃபைல், அனுப்பினான். அதைப் போனில் ஏற்றியிருந்தால் ஓடிபி எல்லாம் அவன் கைக்குப் போயிருக்கும். ஏற்றவில்லை என்று தெரிந்ததும் உரையாடலை இரண்டு பக்கமும் அழித்துவிட்டு பிளாக் செய்துவிட்டான். வங்கியில் கேட்டால், "நீங்களே பின் போட்டு அனுப்பியிருக்கீங்க மேடம்" என்று நிமிர்ந்துகூடப் பார்க்காமல் பதில்.

சரி, சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். பணம் போன உடனே சைபர் குற்ற உதவி எண்ணான 1930க்கு அடியுங்கள், தாமதித்தால் அவன் வேறு கணக்குக்கு மாற்றிவிடுவான். பேசும்போதே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். ஏபிகே எதையும் தொடாதீர்கள். அந்தச் சேனல் பெயர் மாறி இன்னும் ஓடுகிறது, இப்போது மத்தியப் பல்கலைக்கழகங்களுக்கான க்யூட் நுழைவுத் தேர்வுத் தாளுக்கு வசூல் நடக்கிறது.