கீழே முன்வரிசையா, மேலே நடுக்கோடா? கல்லூரி ஃபுட்பால் இறுதிப் போட்டிக்கு சீட் எடுப்பது பற்றி

மைதானத்தின் நடுக்கோடான 50 யார்டு கோட்டுக்கு நேராக, தரைமட்டத்தில் நான்காவது வரிசை. அதே கோட்டுக்கு நேராக, மேல் அடுக்கில் ஆறாவது வரிசை. அமெரிக்கப் பல்கலைக்கழக அணிகள் ஆடும் அமெரிக்க ஃபுட்பாலின் (நம் ஊர் கால்பந்து அல்ல) சாம்பியன்ஷிப்பான காலேஜ் ஃபுட்பால் ப்ளேஆஃப் இறுதிப் போட்டிக்கு இந்த இரண்டும் விற்பனைக்கு வந்தால், கீழே உள்ள சீட்டுக்குச் சொல்லும் விலையில் மேலே குடும்பத்தோடு உட்காரலாம். ஆட்டத்தைப் பார்க்கத்தான் போகிறீர்கள் என்றால் மேல் அடுக்கை எடுங்கள். காசு மிச்சமாகும் என்பதற்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. இரண்டும் ஒரே விலைக்குக் கிடைத்தாலும் நான் மேலேதான் ஏறுவேன்.

இந்த மைதானம் பெரியது. இரு முனைகளிலும் புள்ளி எடுக்கும் பகுதிகளான எண்ட் ஸோன்களையும் சேர்த்து நீளம் 120 யார்டு, அகலம் 53 யார்டுக்குச் சற்று அதிகம். ஒரு ப்ளே, அதாவது பந்தை எடுத்து ஆடும் ஒரு முயற்சி, சில நொடிகளில் முடிந்துவிடும். அந்த நொடிகளில் 22 பேர் 22 வேலை செய்கிறார்கள். பந்து ஒருவர் கையில் இருக்கும்; ஆட்டத்தைத் தீர்மானிக்கும் நகர்வு இருபது யார்டு தள்ளி வேறொருவரிடம் இருக்கும். தரைமட்டத்திலிருந்து பார்த்தால் இத்தனை உடல்களும் ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டிக்கொண்டு தெரியும். யார் முன்னால், யார் பின்னால் என்று பிரித்தறியவே முடியாது.

அதைவிடப் பெரிய தொல்லை, கண்ணெதிரே நிற்கும் அணி. 20 யார்டு கோட்டிலிருந்து எதிர்ப்பக்க 20 யார்டு கோடுவரை சைட்லைன் (மைதானத்தின் நீளவாட்டு ஓரம்) முழுக்க வீரர்களும் பயிற்சியாளர்களும் நிற்பார்கள். ஹெல்மெட்டோடு ஆறடிக்கு மேல் உயரமான ஆட்கள், ஆட்டம் முழுக்கப் பெரும்பாலும் நின்றுகொண்டேதான் இருப்பார்கள். அதிக விலை சொல்லும் நடுக்கோட்டு முன்வரிசைகளுக்கு எதிரேதான் இந்தச் சுவர் எழும்புகிறது. வார்ம்-அப் பார்க்கவும், பிடித்த வீரரைப் பக்கத்தில் பார்க்கவும் அந்த இடம் அருமையானது. ஆட்டத்துக்கு அது சரிப்படாது.

கல்லூரி ஆட்டத்தில் இந்தச் சிக்கல் தொழில்முறை லீகான என்எஃப்எல்லைவிட அதிகம். மைதானத்தின் நடுவே ஓடும் இரண்டு ஹேஷ் மார்க் வரிசைகளுக்கு இடையே என்எஃப்எல்லில் பதினெட்டரை அடிதான் இடைவெளி. கல்லூரி ஆட்டத்தில் 40 அடி. ஒவ்வொரு ப்ளேயும் இந்த வரிசைகளின் மீதோ இடையிலோதான் தொடங்கும் என்பதால், கல்லூரி ஆட்டத்தில் பந்து பல சமயம் ஒரு பக்கமாக ஒதுங்கித்தான் கிடக்கும். ஒரு சைட்லைனிலிருந்து 20 யார்டு, மறு சைட்லைனிலிருந்து 33 யார்டுக்கு மேல். அகலமான பக்கத்தில் வெட்டவெளி கிடைப்பதால் பயிற்சியாளர்கள் அங்கே நிறைய ப்ளேக்களை வைப்பார்கள். தாழ்வான வரிசையில் இருப்பவருக்கு, அந்த அகலப்பக்கம் எதிர்த்திசையில் அமைந்துவிட்டால், அங்கே நடப்பது கடைசியில் அறிவிப்பாளர் சொல்லித்தான் தெரியவரும்.

சந்தேகம் இருந்தால் பயிற்சியாளர்களையே கவனியுங்கள். ஸ்டேடியத்தில் எங்கே வேண்டுமானாலும் நிற்கக்கூடிய அந்த மனிதர்களில் சிலர், ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு மேலே பத்திரிகையாளர்கள் அமரும் பிரஸ் பாக்ஸ் உயரத்துக்கு ஏறிப்போய் உட்காருகிறார்கள். எதிரணி எப்படி நிற்கிறது என்பது அங்கிருந்துதான் தெரிகிறது.

2024 ஜனவரியில் ஹூஸ்டனில் மிச்சிகன் 34–13 என்று வாஷிங்டனை வென்ற ஆட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் கால்பகுதியிலேயே டோனவன் எட்வர்ட்ஸ் 41 யார்டு, 46 யார்டு என்று இரண்டு முறை ஓடி டச்டவுன் போட்டார், அதாவது பந்தோடு எண்ட் ஸோனுக்குள் நுழைந்தார். மேலிருந்து பார்ப்பவர்களுக்கு, அவர் திரும்புவதற்கு முன்பே காலியான நிலம் தெரிந்துவிடும். வாய்விட்டுக் கத்த ஒரு நொடி முன்னதாகவே வாய்ப்புக் கிடைக்கும். அந்த ஒரு நொடிக்காகத்தான் நேரில் போகிறோம்.

மேல் அடுக்கிலும் எல்லா சீட்டும் ஒன்றல்ல. முதல் ஓரிரு வரிசைகளைத் தவிர்ப்பது நல்லது. கண்மட்டத்தில் கைப்பிடிக் கம்பி வரும். முன்னால் ஆட்கள் நடந்துகொண்டே இருப்பார்கள். நாலாவதிலிருந்து பத்தாவது வரிசை வரைக்கும், இரண்டு 30 யார்டு கோடுகளுக்கு நடுவே, என் கணக்கில் கொடுத்த பணத்துக்கு அதிகம் திருப்பித் தரும் இடம். இருபதாவது வரிசைக்கு மேலே போனால் படி செங்குத்து, ஆட்டமும் எட்டத்தில் போய்விடும்.

கீழ் அடுக்கில்தான் உட்கார வேண்டும் என்று மனம் சொன்னால், இருபதாவது வரிசைக்குப் பின்னால் போங்கள். நின்றுகொண்டிருக்கும் அணியின் தலைக்கு மேலாகப் பார்வை போகும். ஆனால் கடைசி வரிசைகள் வேண்டாம். மேல் அடுக்கின் அடிப்பகுதி அங்கே கூரைபோல வந்து மறைக்கும். உயரமாக உதைக்கப்பட்ட பந்து பாதியில் காணாமல் போகும், பெரிய திரையும் தெரியாது. விலைப்பட்டியலில் இது தெரியாது என்பதால், கீழ் அடுக்கு என்ற பெயரைப் பார்த்தே வாங்கி ஏமாறுகிறவர்கள் உண்டு.

எண்ட் ஸோன் பக்கம்

சேப்பாக்கத்தில் பந்துவீச்சாளருக்கு நேர்ப்பின்னால் உட்கார்ந்து பழகியவர்களுக்கு இந்த இடத்தின் அருமையை விளக்கவே வேண்டாம். பந்து எந்தப் பக்கம் திரும்புகிறது என்பது பக்கவாட்டிலிருந்து தெரியாது, நேர்கோட்டில்தான் தெரியும். கோல்போஸ்டுக்குப் பின்னால் சற்று உயரத்தில் அமர்ந்தால் முன்வரிசை வீரர்கள் பந்தோடு ஓடுபவருக்கு எப்படி வழி திறக்கிறார்கள், பந்தை எறியும் குவாட்டர்பேக் யாரைப் பார்த்து ஏமாற்றுகிறார் என்பதெல்லாம் விரிந்து கிடக்கும். டிவி கேமரா பெரும்பாலும் சைட்லைனிலிருந்தே காட்டுகிறது. வீட்டில் கிடைக்காத கோணம் இது. அணிகள் ஆட்டத்தை அலசும்போதும் சைட்லைன் உயரத்துப் படத்தோடு எண்ட் ஸோன் படத்தையும் சேர்த்தே பார்க்கின்றன.

குறை என்ன? தூரம் பிடிபடாது. எத்தனை யார்டு போனார், ஃபர்ஸ்ட் டவுன் (நான்கு முயற்சிக்குள் 10 யார்டு முன்னேறினால் கிடைக்கும் புது வாய்ப்பு) கிடைத்ததா என்பது திரையைப் பார்த்தால்தான் தெரியும். மறுமுனையில் நடப்பதும் பொடிப்பொடியாகத் தெரியும். ஆனால் முதல், மூன்றாம் கால்பகுதிகள் முடிந்ததும் அணிகள் பக்கம் மாறுவதால், உங்கள் அணி பாதி ஆட்டம் உங்களை நோக்கித்தான் வரும்.

ஆட்டம் சமனில் முடிந்து ஓவர்டைம் வந்தால் இந்தப் பக்கத்து சீட் திடீரென்று பொன்னாகும், அல்லது ஒன்றுக்கும் ஆகாமல் போகும். கல்லூரி விதிப்படி ஓவர்டைமில் இரு அணிகளும் மைதானத்தின் ஒரே முனையில், 25 யார்டு கோட்டிலிருந்து ஆடுகின்றன. 2018 ஜனவரியில் அட்லாண்டாவில் அலபாமாவும் ஜார்ஜியாவும் மோதிய ஆட்டம் அப்படித்தான் போனது. ஜார்ஜியா ஃபீல்ட் கோல் அடித்து (பந்தை கோல்போஸ்டுக்கு நடுவே உதைத்து) முன்னிலை பெற்றது. அடுத்து அலபாமாவின் டுவா டாகோவைலோவா முதல் ப்ளேயிலேயே 16 யார்டு பின்னால் தள்ளப்பட்டார். அதற்கடுத்த ப்ளேயில் 41 யார்டு பாஸ், டெவான்டா ஸ்மித் கையில் விழுந்தது. 26–23, ஆட்டம் முடிந்தது. அந்த முனையில் உட்கார்ந்திருந்தவர்களை நோக்கியே பந்து பறந்து வந்தது. மறுமுனையில் இருந்தவர்கள் ஒரு சாம்பியன்ஷிப் கைமாறுவதை முழு மைதானத்துக்கு அப்பாலிருந்து பார்த்தார்கள்.

2025-இல் அதே அட்லாண்டாவில் ஒஹையோ ஸ்டேட் 34–23 என்று நோட்ர டாமை வென்றபோது, மூன்றாவது டவுனில், அதாவது மூன்றாவது முயற்சியில், 11 யார்டு தேவைப்பட்ட நேரத்தில் வில் ஹவர்ட் எறிந்து ஜெரமையா ஸ்மித் பிடித்த 56 யார்டு பாஸும் இப்படித்தான். ஸ்மித்தைத் தடுக்க வேண்டிய எதிரணி வீரர் தனியாக மாட்டிக்கொண்டார் என்பது நேர்கோட்டில் இருந்தால் பந்து கிளம்பும்போதே தெரியும்.

இரண்டுக்கும் நடுவே மூலை

மூலை சீட்டுகளை மக்கள் குறைத்து மதிப்பிடுகிறார்கள். சைட்லைன் தரும் தூரக் கணக்கும் எண்ட் ஸோன் தரும் வழித் திறப்பும் பாதிப் பாதி கிடைக்கும். விலையோ பெரும்பாலும் எண்ட் ஸோனுக்குப் பக்கத்தில்தான் நிற்கும். கீழ் அடுக்கின் பின்பாதியில், கோல் லைனிலிருந்து 10 யார்டு கோட்டுக்கு நேரான மூலை கிடைத்தால் யோசிக்காமல் எடுக்கலாம். 2017 ஜனவரியில் டாம்பாவில் ஒரே ஒரு நொடி மீதமிருக்க டெஷான் வாட்சன் எறிய, ஹன்டர் ரென்ஃப்ரோ பிடித்த டச்டவுனில் கிளெம்சன் 35–31 என்று அலபாமாவை வென்றது. கோல் லைனை ஒட்டிய நெருக்கடிகளுக்கு மூலையை மிஞ்சிய இடம் இல்லை.

கிளப் லெவல் பற்றி நிறையச் சொல்ல வேண்டியதில்லை. உயரமும் சரி, நடுக்கோடும் சரி, மெத்தை வைத்த சீட், லிஃப்ட், வரிசை குறைந்த சாப்பாட்டுக் கடை. பார்வை என்று மட்டும் எடுத்தால் முதலிடம் இதற்குத்தான். கம்பெனி விருந்தாளிகள் அதிகம் வருவதால் சத்தம் குறைவு. விலை மேல் அடுக்கிலிருந்து வெகுதூரம். அதிகாரப்பூர்வ விருந்தோம்பல் பேக்கேஜ் வழியாக வாங்கும்போது, பகுதி மட்டும் எழுதியிருக்கிறதா, செக்‌ஷனும் வரிசையும் எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள்.

யார் நடுவில் உட்காரப் போகிறீர்கள்?

இது பெரும்பாலும் இரு அணிக்கும் சொந்தமில்லாத பொது மைதானத்தில் நடக்கும் ஆட்டம். இரு பல்கலைக்கழகங்களுக்கும் தனித்தனியே டிக்கெட் பிரித்துக் கொடுக்கப்படுவதால் ஸ்டேடியத்தில் இரண்டு நிறங்கள் திட்டுத்திட்டாகப் பிரிந்து உட்காரும். நீங்கள் படித்த கல்லூரி ஆடுகிறது என்றால், நல்ல கோணத்தைக் கொஞ்சம் விட்டுக்கொடுத்தாவது உங்கள் நிறத்துக்குள் போய் உட்காருங்கள் என்பேன். பேண்ட் வாத்தியம் ஒலிக்க, பழைய மாணவர்கள் தோளோடு தோள் சேர்ந்து பாடும் அந்த இடம் கல்லூரி ஆட்டத்துக்கே உரிய இன்பம். ஆனால் மாணவர் பகுதியை ஒட்டி எடுத்தால் ஆட்டம் முழுக்க நிற்க வேண்டியிருக்கும் என்று தெரிந்தே எடுங்கள்.

எப்போது, எந்த வழியில்

அணிகள் தெரிவதற்குப் பல மாதங்கள் முன்பே ப்ளேஆஃப் அமைப்பு பொதுமக்களுக்குக் குலுக்கல் நடத்துகிறது. அச்சிட்ட விலைக்கே கிடைக்கும், எந்த அணி வரும் என்று தெரியாது. யார் ஆடினாலும் போவேன் என்கிறவருக்கு இதுவே முதல் வழி. பல்கலைக்கழக ஒதுக்கீடு நன்கொடையாளர்களுக்கும் சீசன் டிக்கெட் வைத்திருப்பவர்களுக்கும் முதலில் போகும். மற்றவர்களுக்கு மிஞ்சுவது சொற்பம். மீதி எல்லோரும் ரீசேலுக்குத்தான், அதாவது வாங்கியவர்கள் மறுபடி விற்கும் டிக்கெட்டுக்குத்தான், வருகிறோம்.

ரீசேலில் விலையைத் தீர்மானிப்பது அணியின் பெருமையைவிட அது எவ்வளவு பக்கத்திலிருந்து வருகிறது என்பதுதான். 2018-இல் ஜார்ஜியா பல்கலைக்கழகம் இருக்கும் ஏதென்ஸிலிருந்து அட்லாண்டா சுமார் 70 மைல், விலை எகிறியது. 2020-இல் எல்எஸ்யு (லூயிசியானா ஸ்டேட் பல்கலைக்கழகம்) தன் ஊரான பேட்டன் ரூஜிலிருந்து சுமார் 80 மைல் தள்ளி நியூ ஆர்லியன்ஸில் ஆடியபோதும் அதே கதை. 2026-இல் மயாமி தன் சொந்த மைதானமான ஹார்டு ராக்கிலேயே இறுதிப் போட்டி ஆடியது, எதிரே முதல்முறையாக இறுதிக்கு வந்த இண்டியானா. இரண்டு பக்கமும் பசி என்றால் விலை எப்படி இறங்கும்? இதற்கு நேர்மாறாக 2019-இல் கிளெம்சனும் அலபாமாவும் நாலு வருடத்தில் மூன்றாவது இறுதியை கலிஃபோர்னியாவின் சான்டா கிளாராவில் ஆடின. இரு அணி ரசிகர்களும் நாட்டின் மறுகோடியில். ஆட்ட நாள் நெருங்க நெருங்க விலை சரிந்தது.

ஆகவே அரையிறுதி முடிந்த இரவு வரைபடத்தைப் பாருங்கள். இறுதிப் போட்டிக்குச் சுமார் பத்து நாள் இருக்கும். இரு அணிகளும் தொலைவிலிருந்து வந்தால் பொறுத்திருங்கள்; ஆட்டத்துக்கு முந்தைய இரண்டு மூன்று நாட்களில் வாங்கலாம். ஒரு அணி காரில் வந்துவிடும் தூரத்தில் இருந்தால் காத்திருப்பது எனக்குச் சம்மதமில்லை, அன்றே எடுத்துவிடுங்கள். 2025 மே மாதத்திலிருந்து கட்டணங்கள் எல்லாம் சேர்ந்த முழு விலையை முதலிலேயே காட்ட வேண்டும் என்ற அமெரிக்க மத்திய அரசின் விதி அமலில் இருப்பதால், தளங்களை ஒப்பிடுவது முன்பைவிட எளிது. சீட்டிலிருந்து எடுத்த படங்களைப் பார்க்கும்போது ஒன்றை நினைவில் வையுங்கள்: போன் கேமராவின் அகலக் கோணம் மைதானத்தை நிஜத்தைவிடத் தள்ளிக் காட்டும். அதைப் பார்த்து மேல் அடுக்கை ஒதுக்க வேண்டாம்.

2027-க்கான ஆட்டம் ஜனவரி 25-இல் லாஸ் வேகாஸின் அலிஜியன்ட் ஸ்டேடியத்துக்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது. சுமார் 65,000 சீட், நிலையான கூரை. மழையும் குளிரும் அங்கே கணக்கில் வராது. அப்படிப்பட்ட இடத்தில் மேல் அடுக்கைத் தவிர்க்க வானிலை ஒரு காரணமே அல்ல. டாம்பா, சான்டா கிளாரா மாதிரித் திறந்த ஸ்டேடியம் என்றால் மேலே காற்று வீசும், ஒரு ஜாக்கெட் கூடுதலாக எடுத்துக்கொண்டால் போதும்.

மூட்டுவலி உள்ளவர்களையும் சிறு பிள்ளைகளையும் அழைத்துப் போகிறவர்களுக்கு மட்டும் நான் வேறு மாதிரி சொல்வேன். மேல் அடுக்கின் படிகள் செங்குத்து. கழிப்பறைக்கு ஒருமுறை இறங்கி ஏறினாலே மூச்சு வாங்கும். ஆட்டம் அமெரிக்கக் கிழக்குப் பகுதி நேரப்படி இரவு ஏழரை வாக்கில் தொடங்கி நள்ளிரவை நெருங்கித்தான் முடியும். அவர்களுக்குக் கீழ் அடுக்கின் மூலையில், நடைபாதையை ஒட்டிய, ஆட்கள் நுழையும் வழியிலிருந்து நாலைந்து படிக்குள் இருக்கும் வரிசையாகப் பாருங்கள். கோணம் கொஞ்சம் குறைந்தாலும் நாலாம் கால்பகுதிவரை அவர்கள் தெம்பாக உட்கார்ந்திருப்பார்கள்.