கணக்கு எண் மாறிவிட்டது என்று மெயில் வந்தால்: டர்பன் கோயில் கமிட்டிகளுக்கு ஓர் எச்சரிக்கை

ஆடி பிறக்கப் போகிறது. தென்னாப்பிரிக்காவின் டர்பனைச் சுற்றியுள்ள மாரியம்மன் கோயில்களில் கூழ் ஊற்ற டென்ட், நாற்காலி, அண்டா எல்லாம் வாடகைக்குச் சொல்லும் நேரம். அதனால்தான் வெட்கத்தை விட்டு இதை எழுதுகிறேன். தைப்பூசக் காவடிக்கு டென்ட் போட வைத்திருந்த 64,800 ராண்டை, கோயில் கணக்கிலிருந்து என் கையாலேயே ஒரு திருடனுக்கு அனுப்பிவிட்டேன்.

நான் கும்பகோணத்துக்காரன். டர்பன் புறநகரான சாட்ஸ்வொர்த்துக்கு வந்து பதினான்கு வருஷம் ஆகிறது. பிழைப்பே கணக்கு பார்ப்பதுதான். ‘மெயிலில் வரும் எதையும் நம்பாதே’ என்று கடைக்காரர்களுக்கெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவன். ஊருக்கெல்லாம் சொல்லுமாம் பல்லி, கழுநீர்ப் பானையில் விழுமாம் துள்ளி.

டென்ட்காரர் எங்களுக்குப் பல வருஷப் பழக்கம். ஜனவரியில் வழக்கம்போல இன்வாய்ஸ் அனுப்பினார். இரண்டு நாள் கழித்து இன்னொரு மெயில். நாங்கள் முன்பு எழுதிக்கொண்டவை எல்லாம் அதற்கடியில் வரிசையாக இருந்தன. ‘பழைய கணக்கில் ஆடிட் நடக்கிறது, இந்த முறை புதுக் கணக்கில் போட்டுவிடுங்கள்’ என்று இரண்டே வரி. கூடவே திருத்திய இன்வாய்ஸ், கணக்கை உறுதிசெய்து பேங்க் முத்திரை போட்ட கடிதம். அவர் முடிவில் எப்போதும் எழுதும் ‘வணக்கம்’ கூட இருந்தது. போலி மெயில் என்றால் எழுத்துப் பிழை இருக்கும் என்பார்களே, அதெல்லாம் பழைய கதை.

எப்படி நடந்தது என்பது பிறகுதான் விளங்கியது. அவருடைய மெயில் பெட்டிக்குள் எவனோ புகுந்து, எந்த அவசரமும் இல்லாமல் எல்லாவற்றையும் படித்திருக்கிறான். எந்தக் கோயிலுக்கு எவ்வளவு, எப்போது பணம் வரும் என்று தெரிந்த பிறகுதான் கை வைத்திருக்கிறான். இரண்டாவது மெயில் வந்தது வேறு முகவரியிலிருந்து. கடைப் பெயரில் ‘எம்’ இருக்க வேண்டிய இடத்தில் ‘ஆர்’, ‘என்’ என்ற இரண்டு ஆங்கில எழுத்துகள் ஒட்டி நின்றன. சின்ன எழுத்தில் அது ‘எம்’ மாதிரியே தெரியும். இப்போது தெரிந்துகொண்டே பார்த்தாலும் எனக்கு ஒரு நிமிஷம் ஆகிறது.

வெள்ளிக்கிழமை மாலை இ.எஃப்.டி., அதாவது ஆன்லைன் பேங்க் பரிமாற்றம், போட்டேன். பெறுபவர் பெயர் என்ற இடத்தில் டென்ட்காரரின் கடைப் பெயரைத்தான் அடித்தேன். ஆனால் பணம் போவது கணக்கு எண்ணை வைத்துத்தான், நாம் அடிக்கும் பெயரை யாரும் ஒப்பிட்டுப் பார்ப்பதில்லை. பெயரும் எண்ணும் பொருந்துகிறதா என்று முன்கூட்டியே பார்க்கும் வசதி பேங்குகளிடம் இருக்கிறது. அதை நாம்தான் கேட்க வேண்டும். நான் கேட்கவில்லை.

செவ்வாய்க்கிழமை டென்ட்காரர் போன் செய்தார். “அண்ணா, காசு இன்னும் வரலையே?”

பேங்கின் மோசடிப் பிரிவு என்னை முக்கால் மணி நேரம் பாட்டுக் கேட்க வைத்தது. சனிக்கிழமையே அந்தக் கணக்கில் 112 ராண்டைத் தவிர மற்றதெல்லாம் எடுத்தாகிவிட்டது என்றார்கள். ‘நீங்களே அனுமதித்து அனுப்பிய பணம், நாங்கள் திருப்பித் தர வழியில்லை’ என்பதோடு பேச்சு முடிந்தது. அந்தக் கணக்கைத் திறந்தவன் யார் என்று கேட்டால், அது வாடிக்கையாளர் ரகசியமாம்!

அப்புறம் போலீஸ். ஸ்டேஷனில் புகார் வாங்கும் சார்ஜ் ஆபீஸில் இருந்தவர் மரியாதையாகத்தான் பேசினார், ஆனால் அவருக்கு விஷயம் பிடிபடவில்லை. “நீங்களே அனுப்பினீர்கள் என்றால் திருட்டு எங்கே நடந்தது?” என்றார். கணக்கு ஜோஹானஸ்பர்க்கில் திறந்தது, அங்கே போய்ப் புகார் கொடுங்கள் என்றார். சைபர் மோசடியைக் குற்றமாக்கும், சைபர் குற்றச் சட்டத்தின் 8-ஆம் பிரிவைப் போனில் காட்டினேன். அப்படி ஒரு பிரிவை அவர் அன்றுதான் பார்த்தார் என்று நினைக்கிறேன். இரண்டு மணி நேரம் கழித்து வெறும் ‘மோசடி’ என்று எழுதிக்கொண்டு கேஸ் நம்பர் கொடுத்தார். நாலு மாதத்துக்குப் பிறகு ஒரு எஸ்.எம்.எஸ். வந்தது: துப்புக் கிடைக்கவில்லை, கோப்பு மூடப்பட்டது.

ஆற்றாமையில் இந்த அரசாங்கம் இதற்கெல்லாம் என்னதான் திட்டம் போட்டிருக்கிறது என்று தேடிப் படித்தேன். திட்டம் இல்லாமல் இல்லை. தேசிய சைபர் பாதுகாப்புக் கொள்கைச் சட்டகத்தை அமைச்சரவை 2012 மார்ச்சிலேயே ஏற்றுக்கொண்டது. அது அரசிதழில் வெளிவந்தது 2015 டிசம்பரில். ஒருங்கிணைப்பு உளவுத் துறையான அரசுப் பாதுகாப்பு முகமையிடம், சைபர் போர் ராணுவத்திடம், விசாரணை போலீஸிடம், தனியார் துறைக்கும் பொதுமக்களுக்கும் தகவல் தொடர்புத் துறையின் கீழ் ஒரு ‘சைபர் செக்யூரிட்டி ஹப்’ என்று அழகாகப் பங்கு பிரித்திருக்கிறார்கள். காகிதத்தில் எங்கள் காவடி டென்டுக்குக் கூட இடம் இருக்கிறது.

சட்டமும் வந்தது. நான் போனில் காட்டிய அந்த சைபர் குற்றச் சட்டம், 2020-இன் 19-ஆம் எண் சட்டம், பெரும்பாலும் 2021 டிசம்பர் 1 முதல் அமலுக்கு வந்தது. போலீஸ்காரர்களுக்கு அடிப்படைப் பயிற்சி தர வேண்டும் என்று அதிலேயே எழுதியிருக்கிறது. சைபர் குற்றம் தெரியவந்தால் பேங்குகள் 72 மணி நேரத்துக்குள் போலீஸுக்குச் சொல்ல வேண்டும் என்று 54-ஆம் பிரிவு சொல்கிறது. அன்று நடைமுறைக்குக் கொண்டுவராமல் விட்ட பகுதிகளில் அந்தப் பிரிவும் ஒன்று. எனக்கு வேண்டியது அந்த ஒன்றுதான்.

அரசாங்கமே அடி வாங்கிய கதையும் உண்டு. 2021 ஜூலைக் கலவரத்தின் புகை அடங்குவதற்குள், 22-ஆம் தேதி ரயிலையும் துறைமுகங்களையும் நடத்தும் அரசு நிறுவனமான டிரான்ஸ்நெட்டின் கணினிகள் சைபர் தாக்குதலில் முடங்கின. டர்பன் துறைமுகத்தில் கண்டெய்னர் வேலையைக் கையால் எழுதிச் செய்ய வேண்டியதாயிற்று. அதே ஆண்டு செப்டம்பரில் நீதித்துறை அமைச்சகத்தின் கணினிகளில், கோப்புகளைப் பூட்டிவைத்துப் பணம் கேட்கும் பணயத் தீம்பொருள் புகுந்தது. ஆன்டிவைரஸ் உரிமத்தையும் ஊடுருவலைக் கண்டறியும் மென்பொருள் உரிமத்தையும் 2020-இலேயே காலாவதியாக விட்டிருக்கிறார்கள். தகவல் ஒழுங்குமுறை ஆணையம் 2023-இல் அந்த அமைச்சகத்துக்கு 50 லட்சம் ராண்ட் அபராதம் போட்டது. தன் வீட்டுப் பூட்டையே புதுப்பிக்காதவர்கள் என் கதவை வந்து பார்ப்பார்கள் என்று நான் எதிர்பார்த்தது என் தப்பு.

இன்னொன்று பலருக்குத் தெரியாது. வீடு வாங்கிய ஒரு பெண்மணி இதே மாதிரி மாற்றப்பட்ட கணக்குக்கு 55 லட்சம் ராண்ட் அனுப்பி ஏமாந்தார். உயர் நீதிமன்றம் பணத்தைப் பெற வேண்டியிருந்த வக்கீல் நிறுவனத்தின் மேல் பொறுப்பைப் போட்டது. 2024 ஜூனில் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. கணக்கைச் சரிபார்த்துத் தன்னைக் காத்துக்கொள்ள அவருக்கு வழி இருந்தது என்றது. அவர் வழக்கில் உடைபட்டது அவருடைய மெயில் பெட்டி, எங்கள் விஷயத்தில் டென்ட்காரருடையது, அந்த வித்தியாசம் இருக்கிறது. ஆனாலும் வழக்குப் போடலாமா என்று கேட்டபோது எங்கள் வக்கீல் இந்தத் தீர்ப்பைத்தான் எடுத்து வைத்தார். பேசாமல் வந்துவிட்டோம்.

கமிட்டிக் கூட்டத்தில் தலைவர் பெரியவர் என்னைத் திட்டவில்லை. “என்ன செய்ய தம்பி, முருகன் பார்த்துக்குவான். டென்ட்காரன் பார்த்துக்க மாட்டானே” என்றார். கடைசியில் டென்ட்காரர் பாதி வாடகைக்குச் சின்ன டென்ட் போட்டுக் கொடுத்தார். அதில் 20,000 ராண்ட் என் கையிலிருந்து போனது. காவடி எடுத்தவர்களின் குடும்பத்தில் பாதிப் பேர் அன்று வெயிலில் நின்றார்கள். பணத்தைவிட அதுதான் எனக்கு உறுத்துகிறது.

இப்போது எங்கள் வழக்கம் இது: கணக்கு எண் புதிதாகவோ மாறியோ வந்தால், அந்த மெயிலில் உள்ள நம்பருக்கு அல்ல, நம் பழைய டைரியில் உள்ள நம்பருக்குப் போன் போட்டு, குரலைக் கேட்டு, எண்ணை வாய்விட்டுப் படிக்கச் சொல்கிறோம். முதலில் ஒரு ராண்ட் அனுப்பி, வந்ததா என்று அதே போனில் கேட்கிறோம். வெள்ளிக்கிழமை மாலையில் பணம் போடுவதே இல்லை. ஏமாந்துவிட்டால் போலீஸுக்கு ஓடுவதற்கு முன் உங்கள் பேங்கின் மோசடிப் பிரிவைக் கூப்பிடுங்கள். பணத்தை நிறுத்த வழி இருந்தால் அங்கேதான், அதுவும் முதல் சில மணி நேரத்தில்தான். போலீஸுக்குப் போகும்போது 8-ஆம் பிரிவை அச்சடித்து எடுத்துப் போங்கள்.

கடைசியாக ஒன்று. டென்ட்காரரின் பெட்டியில் எங்கள் முகவரி மட்டுமல்ல, அவர் வேலை செய்யும் மற்றக் கோயில்களின் முகவரிகளும் இருந்திருக்கின்றன. எங்கள் கோயில் பெயரில் ‘நன்கொடைக் கணக்கு மாறியிருக்கிறது’ என்று உங்களுக்கு மெயில் வந்தால், அதை அனுப்பியது நாங்கள் இல்லை. எங்கள் கணக்கு மாறவில்லை.