பர்க்லரி: சட்டத்தின் வாசகமா, செய்த காரியமா?

அமெரிக்காவில் பெருங்குற்றத்துக்குத் தண்டனை பெற்றவர் துப்பாக்கியோடு பிடிபட்டால், இப்போதைய சட்டப்படி அதிகபட்சம் 15 ஆண்டு சிறை. வன்முறைக் குற்றத்துக்கோ கடுமையான போதைப்பொருள் குற்றத்துக்கோ ஏற்கெனவே மூன்று தீர்ப்புகள் இருந்தால், குறைந்தபட்சமே 15 ஆண்டு. அந்த வன்முறைக் குற்றங்களில் பர்க்லரியும் (குற்றம் செய்யும் நோக்கத்தோடு அத்துமீறிப் புகுவது) ஒன்று. இந்தக் கூடுதல் தண்டனையைக் கொண்டுவந்த 1984 சட்டத்தில் பர்க்லரிக்கு விளக்கம் இருந்தது. 1986-ல் திருத்தியபோது அதை எடுத்துவிட்டார்கள். குழப்பமெல்லாம் அங்கிருந்துதான்.

இரவில், வீட்டை உடைத்துப் புகுந்தால்தான் பர்க்லரி என்பது பழைய இங்கிலாந்து வழக்கம். கடையை உடைத்துப் புகுந்தால் இதில் வராது. மாநிலம் பர்க்லரி என்று எதைச் சொன்னாலும் ஏற்பது இன்னொரு வழி. அப்படியானால் தண்டனை ஊருக்கு ஊர் மாறும். டெய்லர் வழக்கில் (1990) உச்ச நீதிமன்றம் இரண்டையும் ஒதுக்கி, பொது விளக்கம் ஒன்றைத் தந்தது: குற்றம் செய்யும் நோக்கத்தோடு, உரிமையில்லாமல் ஒரு கட்டிடத்திலோ கட்டமைப்பிலோ புகுவது அல்லது தங்குவது.

சரி, பழைய தீர்ப்பு இதற்குள் அடங்குகிறதா என்று எப்படிப் பார்ப்பது? அசல் சண்டை இதில்தான். மேத்திஸ் வழக்கில் (2016) குற்றவாளி மேத்திஸ் முன்பு புகுந்தது வீடும் கராஜும் என்று பழைய ஆவணங்கள் சொல்லின. ஆனால் அவரைத் தண்டித்த அயோவா மாநிலச் சட்டம் வாகனங்களையும் சேர்த்திருந்தது. சட்டம் பொது விளக்கத்தைவிட அகலம் என்பதால் அந்தத் தீர்ப்புகள் மூன்றின் கணக்கில் வராது என்றார் பெரும்பான்மைத் தீர்ப்பு எழுதிய நீதிபதி ககன். செய்த காரியத்தைப் பார்த்தால் போதாதா என்றார் எதிர்த்தீர்ப்பு எழுதிய அலிட்டோ.

கேட்டவுடன் அலிட்டோ பக்கம்தான் நியாயம் போலத் தெரியும். வீட்டுக்குள் புகுந்தவரை, சட்டத்தில் ஒரு சொல் கூடிப்போனதால் விடுவதா? ஆனாலும் என் ஓட்டு ககனுக்கே. அரசுத் தரப்போடு பேரம் பேசிக் குற்றத்தை ஒப்புக்கொண்ட பழைய வழக்கில், வீடா வண்டியா என்று யாரும் வாதாடியிருக்க மாட்டார்கள். தண்டனைக்கு அது தேவைப்படவில்லை. பல வருடம் கழித்து அந்தக் காகிதத்தை வைத்து, ஜூரி இல்லாமல் நீதிபதி ஒருவரே முடிவெடுத்து 15 ஆண்டு போடுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

இந்த வழியிலும் கோணல் இல்லாமல் இல்லை. தங்குவதற்கு ஏற்ற வாகனம் கணக்கில் வரும் (ஸ்டிட், 2018), சாதாரண கார் வராது. எர்லிங்கர் (2024) தீர்ப்புக்குப் பிறகு, பழைய குற்றங்கள் வெவ்வேறு சந்தர்ப்பங்களில் நடந்தனவா என்பதை ஜூரிதான் முடிவு செய்ய வேண்டும். அப்படியென்றால் புகுந்தது வீடா வண்டியா என்பதையும் அவர்களிடமே விட்டுவிடலாமே என்று கேட்கலாம். கேட்கலாம்தான், அதற்கு எப்போதோ முடிந்த வழக்கின் சாட்சிகளைத் தேடிப்பிடித்து மறுபடி கூண்டில் ஏற்ற வேண்டியிருக்கும்.